நெப்போலியன் நிஜமாவே குள்ளமா? பிரெஞ்சு வரலாற்று மனிதர்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

போட்டித் தேர்வுக்குப் படிக்கிறவர்களும் வினாடி வினா பைத்தியங்களும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகள் இவை. அதே பதிலை ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகத் தட்டிக்கொண்டிருப்பதை விட ஒரே இடத்தில் போட்டுவிடலாம் என்று தொகுத்தேன். பிரான்சின் பிரபலங்களைப் பற்றி நமக்குத் தெரிந்த ஒற்றை வரி பெரும்பாலும் அவர்களுடைய எதிரிகள் கட்டிவிட்டதாகவோ பிற்காலத்தில் யாரோ ஒட்டவைத்ததாகவோ இருக்கும். அதனால் ஆள் உண்மையில் என்ன செய்தார் என்பதைத்தான் சொல்லப் பார்த்திருக்கிறேன்.

எல்லாரையும் படிக்க நேரமில்லை. கட்டாயம் தெரிஞ்சிருக்க வேண்டிய ஆட்கள் யார் யார்?

என்னைக் கேட்டால் ஜோன் ஆஃப் ஆர்க், பதினான்காம் லூயி, வால்டேர், ரூசோ, ரோபஸ்பியர், நெப்போலியன், விக்டர் ஹியூகோ, லூயி பாஸ்டர், மேரி கியூரி, சார்லஸ் டி கோல். இந்தப் பத்துப் பேரைப் பிடித்துக்கொண்டால் 15ஆம் நூற்றாண்டிலிருந்து 20ஆம் நூற்றாண்டு வரை ஒரு கயிறு கட்டிவிடலாம். மற்றவர்கள் அதில் தானாக வந்து தொங்குவார்கள்.

எங்கே பார்த்தாலும் லூயி, லூயின்னே இருக்கு. யார் எந்த லூயி?

மூன்று பேரை நினைவில் வைத்தால் போதும். பதினான்காம் லூயி 1643இல், ஐந்து வயதுகூட நிரம்பாதபோது அரசரானார். 1715 வரை 72 ஆண்டுகள். வெர்சாய் அரண்மனைக்கு அரசவையை 1682இல் மாற்றி, பிரபுக்களைத் தன் கண் முன்னாலேயே வைத்துக்கொண்டவர் அவர்தான். 'நானே அரசு' என்று அவர் சொன்னதாகப் பாடப்புத்தகங்களில் வரும், அதற்கு அந்தக் காலத்து ஆதாரம் கிடையாது. மகனும் பேரனும் அவருக்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டதால் கொள்ளுப்பேரன் பதினைந்தாம் லூயியாக ஐந்து வயதில் பட்டத்துக்கு வந்தார். அவருடைய பேரன்தான் பதினாறாம் லூயி, புரட்சியில் 1793 ஜனவரி 21 அன்று தலை இழந்தவர்.

அப்புறம் பதினெட்டாம் லூயி என்று ஒருவர் வருகிறாரே, பதினேழு எங்கே என்று கேட்பார்கள். பதினாறாம் லூயியின் சின்னப் பையன்தான் பதினேழு. பத்து வயதில் சிறையிலேயே இறந்துபோனான், ஒரு நாளும் ஆளவில்லை.

ஜோன் ஆஃப் ஆர்க்கை எரிச்சுக் கொன்னது இங்கிலாந்துக்காரங்கதானே?

பாதி சரி. தோன்ரெமி என்ற கிராமத்து விவசாயக் குடும்பப் பெண். 1429 மே மாதம் ஆங்கிலேயர் போட்டிருந்த ஆர்லியான் நகர முற்றுகையை உடைத்த படையில் முன்னால் நின்றாள், ஜூலையில் ஏழாம் சார்லஸை ரேம்ஸ் நகருக்குக் கூட்டிப்போய் முடிசூட்ட வைத்தாள். அப்போது அவளுக்குப் பதினேழு வயது இருக்கும். அடுத்த ஆண்டு கோம்பியேனில் அவளைப் பிடித்தது பர்கண்டிக்காரர்கள், அதாவது பிரான்சுக்குள்ளேயே எதிரணி. அவர்கள் பணம் வாங்கிக்கொண்டு ஆங்கிலேயரிடம் விற்றார்கள்.

ரூவான் நகரில் விசாரணை நடத்திய பியர் கோஷோன் பிரெஞ்சுக்கார ஆயர், உடன் உட்கார்ந்தவர்களில் பாரிஸ் பல்கலைக்கழகத்து அறிஞர்கள் இருந்தார்கள். ஆண் உடை அணிந்ததுகூடக் குற்றச்சாட்டுகளில் ஒன்று. 1431 மே 30இல் எரித்தார்கள். அவள் முடிசூட்டி வைத்த அரசரோ மீட்கப் பெரிதாக ஒன்றும் செய்யவில்லை, இதுதான் எனக்கு இன்றும் ஆறாத விஷயம். 1456இல் மறுவிசாரணை தீர்ப்பை ரத்து செய்தது, 1920இல் திருச்சபை அவளைப் புனிதராக்கியது.

ராணி மேரி அன்டாய்னெட் 'ரொட்டி இல்லைன்னா கேக் சாப்பிடட்டும்'னு சொன்னது உண்மையா?

அவர் சொன்னதற்கு ஆதாரமே இல்லை. ரூசோ தன் வாழ்க்கை வரலாற்றில் 'ஒரு பெரிய இளவரசி' இப்படிச் சொன்னதாக எழுதினார், பெயர் சொல்லவில்லை. அந்தப் பகுதியை 1760களில் எழுதினார். அப்போது மேரி அன்டாய்னெட் ஆஸ்திரியாவில் இருந்த சின்னப் பெண், 1770இல்தான் பதினான்கு வயதில் கல்யாணமாகி பிரான்சுக்கு வந்தார்.

உண்மையில் அவர் பெயரைக் கெடுத்தது ஒரு வைர அட்டிகை. அரசவையில் செல்வாக்கு இழந்திருந்த கார்டினல் ரோகானிடம், ராணி ரகசியமாக அந்த அட்டிகையை விரும்புகிறார் என்று ழான் தெ லா மோத் என்ற பெண் கதை விட்டாள். நம்ப வைக்க, 1784இல் ஓர் இரவு வெர்சாய் தோட்டத்து இருட்டில் ராணியின் சாயலில் இருந்த ஒருத்தியைக் கொண்டுவந்து நிறுத்தினாள். கார்டினல் விழுந்துவிட்டார், நகைக்காரர்களிடம் கடனுக்கு வாங்கிக் கொடுத்தார், அட்டிகை கல் கல்லாகப் பிரிந்து விற்பனையானது. பணம் கேட்டு நகைக்காரர்கள் வந்து நின்றபோதுதான் ராணிக்கே விஷயம் தெரியும். வழக்கில் கார்டினல் விடுதலையானதும் ஊர் என்ன நினைத்தது? ராணிதான் ஏதோ செய்திருக்கிறார் என்று. தப்பே செய்யாத விஷயத்தில் பேர் கெட்டது, ஆனால் நாடு கடனில் மூழ்கியிருந்தபோது அவர் ஆடம்பரமாகச் செலவழித்ததும் பொய்யில்லை.

கில்லட்டினைக் கண்டுபிடிச்ச டாக்டர் அதே மெஷின்லதான் செத்தாராமே?

இல்லை, கண்டுபிடித்ததும் அவரில்லை. டாக்டர் கியோத்தின் மரண தண்டனையையே விரும்பாதவர். இருந்தே தீரும் என்றால் பிரபுவுக்கு வாள், ஏழைக்குச் சித்திரவதை என்றில்லாமல் எல்லோருக்கும் ஒரே மாதிரி, வலியில்லாமல் இருக்கட்டும் என்று 1789இல் சபையில் பேசினார். வடிவமைத்தவர் அந்துவான் லூயி என்ற அறுவை மருத்துவர், செய்து கொடுத்தவர் டோபியாஸ் ஷ்மிட் என்ற ஜெர்மானியர், தொழிலோ இசைக்கருவி செய்வது! 1792 ஏப்ரலில் முதலில் தலை போனது ஒரு வழிப்பறிக் கொள்ளையனுக்கு.

கியோத்தின் 1814இல் இயற்கையாக இறந்தார். இயந்திரம் அவருக்குப் பிறகும் நெடுநாள் வேலை செய்தது: கடைசியாகப் பயன்படுத்தியது 1977இல், ஒழித்தது 1981இல்.

ரோபஸ்பியர் புரட்சித் தலைவரா, கொலைகாரரா?

இரண்டில் ஒன்றைச் சொல்லுங்கள் என்று அடம் பிடிப்பார்கள். அராஸ் நகரத்து வழக்கறிஞர், லஞ்சம் வாங்காதவர், ஊரே 'ஊழலுக்கு மசியாதவர்' என்று அழைத்தது. 1791 மே மாதம் மரண தண்டனையை ஒழிக்க வேண்டும் என்று சபையில் வாதாடியவர்களில் அவரும் ஒருவர். அடுத்த ஆண்டு டிசம்பரில் அதே மனிதர், நாடு வாழ லூயி சாக வேண்டும் என்று பேசினார்.

1793 ஜூலையில், அப்போது நாட்டை நடத்திய பொதுப் பாதுகாப்புக் குழுவில் சேர்ந்தார். அந்தப் பயங்கர ஆட்சிக் காலத்தில் தீர்ப்பெழுதிக் கொன்றவர்கள் மட்டும் ஏறக்குறைய 17,000 பேர். எல்லாம் அவர் ஒருவர் வேலை அல்ல, மற்றவர்கள் பிற்பாடு பழியை வசதியாக அவர் தலையில் போட்டுவிட்டுத் தப்பித்தார்கள். ஆனால் 1794 ஜூனில் குற்றம் சாட்டப்பட்டவருக்கு வக்கீலே கிடையாது என்ற சட்டம் வந்ததே, அதன் பின்னால் நின்றவர் அவர்தான். ஜூலை 28 அன்று அவர் தலையே கில்லட்டினில் போனபோது அவருக்கும் விசாரணை நடக்கவில்லை, வக்கீல் கிடைக்கவில்லை. புரட்சித் தலைவர்தான், ஆயிரக்கணக்கான சாவுகளில் பங்குள்ளவரும்தான். தேர்வில் எழுதுவதானால் இரண்டையும் எழுதுங்கள்.

லவாய்சியரை விஞ்ஞானின்னு தெரிஞ்சே கொன்னாங்களா?

ஆக்சிஜனுக்கும் ஹைட்ரஜனுக்கும் பெயர் வைத்தவர், எரிதல் என்றால் என்ன என்று தராசை வைத்து விளக்கியவர். ஆனால் அவரைக் கொன்றது வேதியியலுக்காக இல்லை. அரசுக்காக வரி வசூலித்து லாபம் பார்த்த தனியார் குத்தகைக் கூட்டத்தில் அவர் பங்குதாரர். மக்கள் ரொம்பவே வெறுத்த கூட்டம் அது. 1794 மே 8 அன்று கூட்டாளிகளோடு சேர்த்து அவரையும் கொன்றார்கள். 'குடியரசுக்கு விஞ்ஞானிகள் தேவையில்லை' என்று நீதிபதி சொன்னதாக உலவும் வரிக்கும் கேக் கதை கதிதான்.

நெப்போலியன் நிஜமாவே குள்ளமா? அவர் பிரெஞ்சுக்காரரே இல்லைங்கிறாங்களே?

உயரம் 5 அடி 2 அங்குலம் என்று பதிவானது, ஆனால் பழைய பிரெஞ்சு அளவில். அவர்களுடைய அங்குலம் ஆங்கிலேய அங்குலத்தைவிடப் பெரியது. இன்றைய கணக்கில் சுமார் 168 செ.மீ., அந்தக் காலத்து பிரெஞ்சு ஆணுக்கு அது சராசரிதான், கொஞ்சம் மேலேகூட. லண்டன் கேலிச்சித்திரக்காரர்கள், முக்கியமாக ஜேம்ஸ் கில்ரே, அவரைக் குட்டிப் பையனாக வரைந்து வரைந்தே உலகம் பூராவும் நம்ப வைத்துவிட்டார்கள்.

பிறந்தது 1769இல் கோர்சிகா தீவில். ஜெனோவா அந்தத் தீவை பிரான்சிடம் ஒப்படைத்தது முந்தின ஆண்டுதான். அதனால் பிறப்பால் பிரெஞ்சுக் குடிமகன், வளர்ந்த மொழி வேறு. பள்ளியில் அவருடைய உச்சரிப்பைக் கிண்டல் செய்தார்கள்.

போர் தவிர நெப்போலியன் என்னதான் செய்தார்? ஏன் இவ்வளவு சண்டை அவரைப் பற்றி?

போரை விடுங்கள். 1800இல் பிரான்ஸ் வங்கி, 1802இல் லிசே என்ற அரசு மேல்நிலைப் பள்ளிகள், 1804இல் சிவில் சட்டத் தொகுப்பு. ஊருக்கு ஒரு வழக்கம் என்றிருந்த நாட்டில் சொத்து, திருமணம், ஒப்பந்தம் எல்லாவற்றுக்கும் ஒரே புத்தகம். அது புதுச்சேரி வரை வந்தது. 1881 ஆணைப்படி தங்கள் மதச் சட்டத்தைத் துறந்த ரெனோன்சான் குடும்பங்கள் பிரெஞ்சு சிவில் சட்டத்தின் கீழ் வந்தார்கள். அதே தொகுப்புதான் மனைவியைக் கணவனுக்குக் கீழ்ப்படியச் சொன்னது என்பதையும் மறக்கக் கூடாது.

இன்னொரு பக்கம், புரட்சி அரசு 1794இல் ஒழித்த அடிமை முறையை 1802இல் மீண்டும் கொண்டுவந்தவர் இவர். ஹெய்ட்டியின் தலைவர் டூசான் லூவெர்ச்சூரைப் பிடித்து, பிரான்சின் குளிர் மலைக்கோட்டையில் அடைத்தார்கள், 1803 ஏப்ரலில் அங்கேயே இறந்தார். ஹெய்ட்டிக்காரர்கள் விடவில்லை, அனுப்பிய படையைத் தோற்கடித்து 1804 ஜனவரி 1 அன்று விடுதலை அறிவித்தார்கள். பிரான்சில் இன்றும் நெப்போலியன் நினைவு நாள் வந்தால் சண்டை வருவது இதனால்தான்.

திப்பு சுல்தானுக்கு நெப்போலியன் கடிதம் எழுதினாராமே, வாட்ஸப் கதையா?

இது உண்மை. 1799 தொடக்கத்தில் எகிப்திலிருந்து எழுதினார், ஆங்கிலேயர் பிடியிலிருந்து உங்களை மீட்க வருகிறேன் என்ற தொனியில். கடிதம் ஆங்கிலேயர் கையில் சிக்கியது. மே 4 அன்று ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்பு வீழ்ந்தார். நெப்போலியன் இந்தியப் பக்கமே வரவில்லை.

மூன்றாம் நெப்போலியன் யார்? மகனா?

அண்ணன் தம்பி வழிப் பிள்ளை, அதாவது தம்பி மகன். 1848இல் ஓட்டு வாங்கி ஜனாதிபதி ஆனார், 1851இல் ஆட்சியைக் கவிழ்த்து அடுத்த ஆண்டு பேரரசர் ஆனார், 1870இல் செடானில் பிரஷ்யர்களிடம் பிடிபட்டார். இன்று நாம் பார்க்கும் அகலச் சாலைப் பாரிஸ் அவர் காலத்தில் ஓஸ்மான் என்ற அதிகாரி இடித்துக் கட்டியது. அவரை எதிர்த்துத்தான் எழுத்தாளர் விக்டர் ஹியூகோ நாட்டை விட்டே வெளியேறி, 1870 வரை திரும்பவில்லை. மன்னிப்பு அறிவித்தபோதும் வரவில்லை என்பதுதான் அந்த ஆளின் முரட்டுத்தனம்.

'உன் கருத்தை ஏற்கமாட்டேன், ஆனா அதைச் சொல்லும் உன் உரிமைக்காக உயிரையும் கொடுப்பேன்' - வால்டேர் எங்கே சொன்னார்?

எங்கேயும் சொல்லவில்லை. அவருடைய மனப்பாங்கைச் சுருக்கிச் சொல்ல ஈவ்லின் ஹால் என்ற ஆங்கில எழுத்தாளர் 1906இல் எழுதிய வரி அது.

வால்டேர் செய்தது அந்த வரியைவிடப் பெரிசு. துலூஸ் நகரத்தில் ழான் கலாஸ் என்ற புராட்டஸ்டன்ட் வியாபாரி, மகன் கத்தோலிக்கனாக மாறப் போனதால் அவனைக் கொன்றார் என்று குற்றம் சாட்டி, 1762இல் சக்கரத்தில் கட்டி எலும்பை உடைத்துக் கொன்றார்கள். வால்டேருக்கு அந்தக் குடும்பத்தை முன்பின் தெரியாது. கடிதம் மேல் கடிதமாக எழுதி, பணம் திரட்டி, அரசவையை விடாமல் நச்சரித்து, 1765இல் கலாஸ் குற்றமற்றவர் என்ற தீர்ப்பை வாங்கினார். அவருக்கு அப்போது எழுபது தாண்டியிருந்தது.

பாஸ்டர் டாக்டரா? தடுப்பூசியே அவர்தான் கண்டுபிடிச்சாரா?

டாக்டர் இல்லை, வேதியியலாளர். முதல் தடுப்பூசி பெரியம்மைக்கு, அது இங்கிலாந்தின் ஜென்னர். ஆனால் ஆய்வகத்தில் கிருமியை வலுவிழக்க வைத்துத் தடுப்பூசி தயாரிக்கும் வழியைத் திறந்தவர் பாஸ்டர்.

1885 ஜூலை 6இல் ஜோசப் மைஸ்டர் என்ற ஒன்பது வயதுப் பையனை வெறிநாய் கடித்துக் குதறிய நிலையில் அவன் அம்மா கூட்டி வந்தார். வெறிநோய் கண்ட முயலின் தண்டுவடத்தை எடுத்துக் குடுவையில் உலர்த்தி வைத்திருந்தார் பாஸ்டர், எத்தனை நாள் காய்ந்ததோ அத்தனைக்கு வீரியம் குறையும். மிகவும் காய்ந்ததில் ஆரம்பித்து நாளுக்கு நாள் வீரியம் கூடியதைச் செலுத்தினார்கள். ஊசி போட்டது கிரான்ஷே என்ற மருத்துவர், ஏனென்றால் பாஸ்டருக்குச் சட்டப்படி ஊசி போட அனுமதி இல்லை. பையன் பிழைத்தான், பெரியவனாகி பாரிஸ் பாஸ்டர் நிறுவனத்திலேயே காவலாளியாக வேலை பார்த்தான். நம்ம குன்னூரில் 1907இல் தொடங்கிய பாஸ்டர் நிறுவனத்துக்குப் பெயர் வந்ததும் இந்த மனிதரால்தான்.

மேரி கியூரி போலந்துக்காரர்தானே, பிரெஞ்சு லிஸ்டில் ஏன்?

பிறந்தது வார்சாவில், 1867. அங்கே பெண்களுக்குப் பல்கலைக்கழகக் கதவு மூடியிருந்ததால் 1891இல் பாரிஸ் வந்தார், பியர் கியூரியை மணந்து பிரெஞ்சுக் குடிமகள் ஆனார். 1898இல் கண்டுபிடித்த தனிமத்துக்குத் தாய்நாட்டின் பெயரில் பொலோனியம் என்று வைத்தார். இரண்டு நாடும் உரிமை கொண்டாடட்டும், தப்பில்லை.

1903 இயற்பியல் நோபல் பரிசுக்கு முதலில் பியரையும் பெக்கரல் என்ற இன்னொரு விஞ்ஞானியையும் மட்டுமே நினைத்திருந்தார்கள், பியர் எழுதிக் கேட்ட பிறகுதான் மேரியின் பெயர் சேர்ந்தது. 1911இல் இரண்டாவது நோபல், இந்த முறை வேதியியலில், தனியாக. அதே ஆண்டு ஜனவரியில் பிரெஞ்சு அறிவியல் கழகம் அவரை உறுப்பினராகச் சேர்க்க மறுத்திருந்தது என்பது அந்தக் கழகத்துக்குத்தான் அவமானம்.

பிரெய்ல் எழுத்து ஒரு பையன் கண்டுபிடிச்சதா?

ஆமாம், ஏறக்குறைய பதினைந்து வயதில். லூயி பிரெய்லின் அப்பா குதிரைச் சேணம் தைப்பவர். மூன்று வயதில் பட்டறையில் குத்தூசி வைத்து விளையாடியபோது கண்ணில் குத்திக்கொண்டான், தொற்று மற்றக் கண்ணுக்கும் பரவியது. பாரிஸ் பார்வையற்றோர் பள்ளியில், பார்பியே என்ற ராணுவ அதிகாரி இருட்டில் படிப்பதற்காக வகுத்த பன்னிரண்டு புள்ளி முறையைப் பார்த்தான். விரல் நுனியில் ஒரே தொடுதலில் அடங்காத அளவு பெரிசு. அதை ஆறு புள்ளியாகச் சுருக்கினான், அவ்வளவுதான், அதில்தான் எல்லாம் இருக்கிறது. 1852இல் அவர் இறந்து இரண்டு ஆண்டு கழித்துத்தான் பிரான்ஸ் அதை முறையாக ஏற்றது. தமிழ் பிரெய்லும் அதே ஆறு புள்ளிதான்.

ஈஃபிள் டவரை டிசைன் பண்ணது ஈஃபிள்தானே?

முதல் வரைபடம் அவர் நிறுவனத்துப் பொறியாளர்கள் கோஷ்லின், நூகியே இருவருடையது. ஈஃபிள் உரிமையை வாங்கி, பணம் போட்டு, 1889இல் கட்டி முடித்தார். முதல் மாடிக்குக் கீழே 72 அறிஞர் பெயர்கள் பொறித்தார், லவாய்சியர் உண்டு, பெண்கள் ஒருவர்கூட இல்லை. கணித மேதை சோஃபி ஜெர்மேன் பெயரையாவது போட்டிருக்கலாம்.

நாஸ்ட்ரடாமஸ் சொன்னதெல்லாம் நடந்திருக்கே, அவரை ஏன் விட்டுட்டீங்க?

விடவில்லை, கேள்விக்காகக் காத்திருந்தேன். 1503இல் பிறந்தவர், பிளேக் காலத்தில் நோயாளிகளுக்கு வைத்தியம் பார்த்தவர், 1555இல் நாலுவரிப் பாடல்களாக ஆருடம் வெளியிட்டார். பாடல்களில் பெரும்பாலும் தேதி இல்லை, ஆள் பெயர் தெளிவாக இல்லை. அதனால் எது நடந்தாலும் நடந்து முடிந்த பிறகு ஒரு பாடலைப் பொருத்திக்கொள்ளலாம். பொருந்தவில்லையென்றால் புதிதாக எழுதியே விடுகிறார்கள், 2001 நியூயார்க் தாக்குதலுக்குப் பிறகு சுற்றிய பாடல் அப்படிப்பட்ட போலி.

டி கோலும் பெத்தானும் ஒரே பக்கமா, எதிரெதிரா?

தொடக்கத்தில் ஒரே பக்கம். 1912இல் இளம் அதிகாரி டி கோல் சேர்ந்த படைப்பிரிவுக்குக் கர்னல் பெத்தான். முதல் உலகப் போரில், 1916 வெர்தன் சண்டையில் பெத்தான் நாட்டின் நாயகன். 1940இல் ஜெர்மனியிடம் பணிந்து விஷி அரசை நடத்தியவரும் அதே பெத்தான், வயது 84. டி கோல் லண்டனுக்குப் போய் ஜூன் 18 அன்று பிபிசி வானொலியில், போர் முடியவில்லை என்று அழைப்பு விடுத்தார். அன்று அவரைப் பலருக்குத் தெரியவே தெரியாது. புதுச்சேரி நிர்வாகம் அந்த ஆண்டே டி கோல் பக்கம் சேர்ந்தது.

விஷி ஆட்சி டி கோலுக்கு மரண தண்டனை விதித்தது, ஆள் கையில் இல்லாமலேயே. 1945இல் நீதிமன்றம் பெத்தானுக்கு மரண தண்டனை விதித்தது, டி கோல் அதை ஆயுள் தண்டனையாகக் குறைத்தார். பெத்தான் 1951இல் ஒரு தீவில் காவலில் இறந்தார். டி கோல் 1958இல் திரும்ப வந்து ஐந்தாம் குடியரசை அமைத்து, 1969இல் வாக்கெடுப்பில் தோற்றதும் பதவியை விட்டுப் போனார்.

பெரிய ஆளெல்லாம் பாந்தியானில்தானே புதைத்திருக்காங்க? நெப்போலியன் ஏன் அங்கே இல்லை?

பாந்தியான் பாரிசில் உள்ள நினைவு மண்டபம். வால்டேர், ரூசோ, ஹியூகோ, பிரெய்ல், கியூரி தம்பதியர் அங்கே இருக்கிறார்கள். தன் சொந்தச் சாதனைக்காக அங்கே போன முதல் பெண் மேரி கியூரி, அதுவும் 1995இல்தான். நெப்போலியன் உடல் 1840இல் செயின்ட் ஹெலினாவிலிருந்து வந்து இன்வலீத் வளாகத்தில் இருக்கிறது. பாஸ்டர் அவருடைய நிறுவனத்துக்குள்ளேயே. டி கோல் எனக்கு அரசு மரியாதை வேண்டாம், ஊரிலேயே மகள் பக்கத்தில் புதையுங்கள் என்று எழுதி வைத்துவிட்டார்.

வந்தவாசியில் தோற்ற லாலியை அவங்க நாட்டிலேயே வெட்டினாங்களாமே, தோற்றதுக்கா?

லாலி இந்தியாவில் பிரெஞ்சுப் படைத் தளபதி. 1760 ஜனவரியில் வந்தவாசியில் அயர் கூட் என்ற ஆங்கிலேயத் தளபதியிடம் தோற்றார், ஓராண்டு கழித்து புதுச்சேரியையும் பட்டினியால் விட வேண்டியதானது. பிரான்சில் பழி போட ஓர் ஆள் தேவைப்பட்டது. ஆங்கிலேயரிடம் கைதியாக இருந்த லாலி, என் பெயரைக் காப்பாற்றிக்கொள்கிறேன் என்று அனுமதி வாங்கித் தானாகவே பிரான்சு திரும்பினார். பிடித்து பாஸ்டில் சிறையில் போட்டார்கள். 1766 மே மாதம், பேசாதபடி வாயை அடைத்து, தலையை வெட்டினார்கள். முன்கோபி, யாரோடும் ஒத்துப்போகாதவர், புதுச்சேரியில் அவரை யாருக்கும் பிடிக்காது, எல்லாம் சரி. ஆனால் துரோகி என்பதற்கு ஆதாரம் இல்லை.

மேலே கலாஸ் வழக்கில் சொன்ன வால்டேர்தான் இதற்கும் பேனா எடுத்தார். லாலியின் மகனோடு சேர்ந்து பல ஆண்டு போராடி, 1778 மே மாதம் தீர்ப்பு ரத்தானது. சேதி வந்தபோது வால்டேர் மரணப் படுக்கையில் இருந்தார், மகனுக்கு வாழ்த்துச் சொல்லி ஒரு கடிதம் சொல்லி எழுத வைத்தார். அந்த மாதம் 30ஆம் தேதி இறந்தார்.

புதுச்சேரியில் துமா தெரு இருக்கே, நாவலாசிரியர் துமாவா?

இல்லை, பலர் ஏமாறும் இடம் இது. அது 1735 முதல் 1741 வரை ஆளுநராக இருந்த பெனுவா துமா. அவருக்கு அடுத்து வந்தவர்தான் டூப்ளே, 1754இல் திரும்ப அழைக்கப்பட்டு, கடனோடு பாரிசில் இறந்தவர். இருவர் காலத்துப் புதுச்சேரியை அன்றாடம் எப்படி இருந்தது என்று தெரிந்துகொள்ள பிரெஞ்சு ஆவணங்களைவிட ஆனந்தரங்கப் பிள்ளையின் தமிழ் நாட்குறிப்புதான் சுவை.

சுஃப்ரேன் தெரு 1782, 83இல் சோழமண்டலக் கடலில் ஆங்கிலக் கப்பற்படையோடு மோதிய தளபதிக்கு. ரோமேன் ரோலான் தெருதான் எழுத்தாளருக்கு, 1915க்கான இலக்கிய நோபல் பெற்று, காந்தி, ராமகிருஷ்ணர், விவேகானந்தர் வாழ்க்கையை எழுதியவர்.